கடல்வாசலில் சொல்லாத சொல்

குருசுத்துறைக்கு யார் வந்தாலும், அவர் மந்திரியானாலும் சரி, நெத்திலி ஏலம் எடுக்க வந்த வியாபாரியானாலும் சரி, உள்ளே நுழையும்போது ஒருவர் வாயால் 'வாங்க' என்று கேட்டுத்தான் நுழைய வேண்டும், வெளியேறும்போது அதே வாயால் 'போயிட்டு வாங்க' என்று கேட்டுத்தான் வெளியேற வேண்டும், இந்த இரண்டு சொல்லுக்கும் நடுவில் உள்ள நேரமெல்லாம் அவர் ஊரின் விருந்தாளி, விருந்தாளிக்குத் தானாக எழுந்து போகிற உரிமை கிடையாது என்பது அந்த ஊர் உண்டான நாளிலிருந்து இருக்கிற வழக்கம். ஊர் உண்டானது ஐரோப்பாவில் மறுமலர்ச்சிக் காலம் என்று பள்ளிப் புத்தகங்கள் சொல்கிற நாட்களில். முத்துக்கு ஆசைப்பட்டு வந்த போர்த்துக்கீசியர்கள் இத்தாலியிலிருந்து ஒரு கட்டடக் கலைஞனையும் கப்பலில் ஏற்றிக்கொண்டு வந்தார்கள், அந்த மனிதன் தன் நாட்டில் எந்தப் பிரபுவும் கட்ட விடாத நகரத்தை இங்கே பனங்காட்டு மணலில் குச்சியால் கோடு கிழித்து வரைந்தான், நடுவில் எண்கோண முற்றம், முற்றத்தில் மாதா கோயில், கோயிலிலிருந்து பிரிகிற தெருக்கள், சுற்றிலும் மதில், மதிலில் கடலைப் பார்த்து ஒரு பெரிய வளைவு. எந்தத் தெருவின் முனையில் திரும்பினாலும் கடைசியில் அந்த வளைவு கண்ணில் படும்படி கட்டியிருந்தான். ஊர்க்காரர்கள் அதைக் கடல்வாசல் என்று சொல்வார்கள்.

அந்த மதிலுக்குள் சாயங்கால நடை நடத்துகிறவள் கார்மேலி. வெயில் தாழ்ந்து கடற்காற்று தெருவுக்குள் திரும்புகிற நேரத்தில், கஞ்சி போட்டுத் தேய்த்த பருத்திச் சேலையில் அவள் மாதா கோயில் வாசலில் வந்து நிற்பாள். மதுரையிலிருந்தும் கொச்சியிலிருந்தும் பெயர் வாயில் நுழையாத தேசங்களிலிருந்தும் வந்த பயணிகள் வரிசையில் நிற்பார்கள், ஒவ்வொருவர் கையிலும் ஒரு துண்டு பனங்கற்கண்டை வைத்து, ஒவ்வொருவர் முகத்தையும் பார்த்து 'வாங்க' என்பாள். கோயிலுக்குள் பீடத்துக்கு முன்னால் உள்ள தடுப்புக் கிராதி வரைக்கும் கூட்டிப் போவாள், பழைய சுங்க மாளிகையின் முற்றத்தில் கட்டியிருக்கிற கயிறு வரைக்கும் கூட்டிப் போவாள், கொத்தளத்து மேல் வெயில் கடிகாரத்தைக் காட்டுவாள், முத்து வியாபாரிகள் தெருவில் ஒவ்வொரு கதவுக்கும் ஒரு கதை சொல்வாள், கடைசியில் கடல்வாசலுக்குக் கொண்டுவந்து ஒவ்வொருவருக்கும் 'போயிட்டு வாங்க' சொல்லி மணலுக்கு அனுப்பி வைப்பாள். உள்ளூர்க்காரர்கள் மட்டும் அந்த வரிசையில் நிற்கவே மாட்டார்கள். சொந்த ஊரிலேயே இன்னொருவர் வாயால் 'வாங்க' கேட்டு வாங்கிக்கொள்கிறவன் சொந்த ஊருக்கே விருந்தாளி ஆகிவிடுவான், பிறகு அவன் பாடு அவனை அழைத்தவர் கையில் என்பது அங்கே தவழ்கிற பிள்ளைக்கும் தெரியும்.

கடல்வாசலுக்குப் போகிற வழியில், வளைவுக்கு உட்புறமாகக் கொஞ்சம் தள்ளி, ஒரு கருங்கல் நிற்கிறது. கடலுக்குப் போய்த் திரும்பாதவர்களின் பெயர்கள் எல்லாம் அதில் வெட்டியிருக்கின்றன, போர்த்துக்கீசியர் காலத்து மனுவேல் தொடங்கி, போன மழைக்காலத்து இக்னாசி வரைக்கும். கார்மேலி நடையின் முடிவில் அந்தப் பெயர்களை ஒன்று விடாமல் வாசிப்பாள். இக்னாசிக்கு முன்னால் மட்டும் ஒரு பெயரின் நீளத்துக்கு நிறுத்துவாள். பயணிகள் மூச்சு வாங்குகிறாள் என்று நினைத்துக்கொள்வார்கள். அவள் விட்ட அந்த இடம் கஸ்பாருடையது, கஸ்பார் அவள் புருஷன்.

கஸ்பார் பெர்க்மான்ஸ் சம்மாட்டியிடம் வேலை பார்த்தவன். சம்மாட்டி என்றால் படகுகளுக்குச் சொந்தக்காரர், குருசுத்துறையில் பாதிப் படகுகள் பெர்க்மான்ஸுடையவை, கல்லில் யார் பெயரை வெட்டலாம் என்று முடிவு செய்கிற ஊர்க் கமிட்டிக்குத் தலைவரும் அவரே. துறைமுகத்தில் புயல் கூண்டு ஏற்றியிருந்த ஒரு காலையில் அவருடைய புது விசைப்படகு நங்கூரக் கயிறு அறுந்து வெளியே மிதந்து போய்விட்டது, அவர் கஸ்பாரைக் கூப்பிட்டு வள்ளத்தை எடுத்துக்கொண்டு போய் அதைக் கட்டி இழுத்து வரச் சொன்னார். கூண்டு ஏற்றியிருக்கிறதே என்று கஸ்பார் சொன்னான். சொன்னானே தவிர, மறுத்து நின்று பழக்கமில்லாத சுபாவம் அவனுக்கு, துடுப்பைத் தோளில் வைத்துக்கொண்டு கடல்வாசல் வரைக்கும் போய் நின்று திரும்பிப் பார்த்தான். கடலுக்குப் போகிறவனுக்குச் சம்மாட்டிதான் அந்த வாசலில் நின்று 'போயிட்டு வா' என்று சொல்ல வேண்டும், அதைக் கேட்காமல் எவனும் மணலில் கால் வைக்க மாட்டான். பெர்க்மான்ஸ் காதில் போனை வைத்தபடி வேறு என்னவோ சொன்னார். என்ன சொன்னார் என்பதைக் கேட்டது கஸ்பாரும், தூக்குச்சட்டியில் பழைய சோற்றோடு பின்னால் வந்துகொண்டிருந்த கார்மேலியும்தான். கஸ்பார் போனான், வரவில்லை.

விசைப்படகு மறுநாள் தானாகக் கரை ஒதுங்கியது. பெர்க்மான்ஸ் போலீசில், கஸ்பார் குடித்துவிட்டுத் தன்னைக் கேட்காமல் வள்ளத்தைத் திருடிக்கொண்டு போனான் என்று எழுதிக் கொடுத்தார். விடை வாங்காமல் போனவனுக்குக் கல்லில் இடம் கிடையாது, அதிலும் திருடனுக்கு எப்படி இருக்கும் என்று கமிட்டி கையை விரித்தது. கார்மேலி தன் காதால் கேட்டதைச் சொன்னபோது, பெஞ்சாதி புருஷனுக்குப் பரிந்து பேசாமல் வேறு என்ன செய்வாள் என்று சொல்லிச் சிரித்தார்கள். அவள் அழுது முடித்த பிறகு வேலை தேடினாள், சுற்றுலாத் துறையில் பயிற்சி கொடுத்தார்கள், குரல் நன்றாக இருக்கிறது என்று எடுத்துக்கொண்டார்கள். புருஷனைத் திருடன் என்று சொன்ன ஊரின் பெருமையைத் தினமும் சாயங்காலம் வெளியூரானுக்கு விளக்குகிற வேலை. அதை அவள் ஒரு நாளும் தவறாமல் செய்தாள்.

பெர்க்மான்ஸ் பழைய சுங்க மாளிகையை வாங்கி ஓட்டலாக்கி, முன் முற்றத்தை மட்டும் பொதுமக்கள் பார்வைக்கு விட்டு, உள்ளே போகிற இடத்தில் சிவப்புப் பட்டுக் கயிறு கட்டினார். அதைத் திறந்து வைக்க வந்த டெல்லிப் பெரிய மனிதர்கள் சாயங்கால நடை போக ஆசைப்பட்டார்கள். கூடவே வந்த பெர்க்மான்ஸ், தானும் அவர்களைப் போல ஒருவர் என்று காட்டிக்கொள்ள வேண்டிய அவசரத்தில், மதிலுக்கு வெளியே புறவழிச் சாலையில் பங்களா கட்டிக் குடியேறிய பிறகு மறந்துபோன வழக்கத்தை நினைத்துப் பார்க்காமல், அவர்களோடு வரிசையில் நின்று கையை நீட்டினார். டீக்கடை பாக்கியநாதன் அதைப் பார்த்து வாயில் கை வைத்தார் என்றும், ஆனாலும் தடுக்கவில்லை என்றும் சொல்வார்கள். கார்மேலி அந்தக் கையைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு மற்றவர்களுக்கு வைத்ததைவிடச் சற்றுப் பெரிய துண்டாகக் கற்கண்டை எடுத்து வைத்து, "வாங்க சம்மாட்டி" என்றாள்.

நடை முழுக்க அவள் எப்போதும் போலத்தான் பேசினாள். கல்லில் பெயர்களை வாசித்தாள், இக்னாசிக்கு முன்னால் நிறுத்தினாள், கடல்வாசலில் டெல்லிக்காரர்கள் ஒவ்வொருவருக்கும் 'போயிட்டு வாங்க' சொன்னாள். பெர்க்மான்ஸ் முறை வந்தபோது ஒன்றும் சொல்லாமல் சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டு வீட்டுக்கு நடந்தாள். அவர் தோளைக் குலுக்கிவிட்டு வளைவுக்குள் நுழைந்தார், நுழைந்தவர் மாதா கோயில் வாசலில் வந்து நின்றார்.

"என்ன சம்மாட்டி, நடை முடியலையோ?" என்று மட்டும் பாக்கியநாதன் கேட்டார்.

அவர் திரும்பக் கடல்வாசலுக்குப் போய் நுழைந்தார், திரும்பக் கோயில் வாசலில் நின்றார். நிலத்துப் பக்கத்து வாசலில் காரில் ஏறிப் போனார், கார் போய்விட்டது, அவர் கோயில் வாசலில் நின்றார். இன்ஸ்பெக்டர் வந்து அவர் கையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு வளைவைத் தாண்டினார், மணலில் கால் வைத்தபோது இன்ஸ்பெக்டரின் கையில் ஒன்றுமில்லை. டாக்டர் வந்து பிரஷர் பார்த்து மாத்திரை எழுதினார். பங்குச்சாமியார் வந்து 'போயிட்டு வாங்க' சொன்னார், நகராட்சித் தலைவர் மாலை போட்டுச் சொன்னார், பெர்க்மான்ஸின் மனைவி ஆலிஸ் வளைவுக்கு அந்தப் பக்கம் மணலில் நின்று அழுதுகொண்டே சொன்னாள், ஒருவர் சொன்னதும் எடுபடவில்லை, ஏனென்றால் இவர்களில் எவரும் அவருக்கு 'வாங்க' சொன்னவர்கள் இல்லை. இரண்டொரு நாளில் ஊருக்கு விஷயம் புரிந்துவிட்டது. பெர்க்மான்ஸுக்கு நடை முடியவில்லை, அவ்வளவுதான்.

நடை எங்கெல்லாம் போகுமோ அங்கெல்லாம் அவர் போகலாம், நடை போகாத இடத்துக்குக் கால் எழும்பாது. யார் வீட்டுக்குள்ளும் நுழைய முடியவில்லை, ஏனென்றால் நடை யார் வீட்டுக்குள்ளும் போவதில்லை. கோயிலுக்குள் கிராதி வரைக்கும் போனார். தன்னுடைய ஓட்டலுக்குள் தானே கட்டிய சிவப்புக் கயிறு வரைக்கும் போனார், கயிற்றுக்கு அந்தப் பக்கம் வெள்ளை விரிப்புப் போட்ட கட்டிலைப் பார்த்தபடி இந்தப் பக்கம் கல் பெஞ்சில் படுத்தார், சம்பளத்துக்கு இருந்த பையன்கள் தலையணை கொண்டுவந்து கொடுத்துவிட்டு, விருந்தாளிகளின் பார்வைக்கு உறுத்தாதபடி கொஞ்சம் ஓரமாகப் படுக்கச் சொன்னார்கள். தினமும் சாயங்காலம் கார்மேலி கோயில் வாசலில் நின்று மற்றவர்களுக்கு 'வாங்க' சொல்லத் தொடங்கினால் அவர் எங்கிருந்தாலும் கால் தானாக எழுந்து வந்து வரிசையின் கடைசியில் நிற்கும், அவளோ அவர் பக்கம் திரும்பாமல் கற்கண்டுப் பெட்டியை மூடிவிடுவாள். அவருக்குத்தான் ஏற்கெனவே கொடுத்தாயிற்றே.

ஒரு அதிசயத்தைப் பார்த்து எத்தனை நாள்தான் வாயைப் பிளந்துகொண்டு நிற்பது, ஊருக்கு வேலை இருக்கிறது. முதல் வாரம் எல்லோரும் அவரைப் பார்க்க வந்தார்கள், பிறகு அவரைச் சுற்றிக்கொண்டு போனார்கள், அதன் பிறகு அவரைக் கணக்கில் எடுத்துக்கொண்டு காரியம் பார்க்கத் தொடங்கினார்கள். நாவிதர் வெள்ளிக்கிழமை காலையில் வெயில் கடிகாரத்துக்குக் கீழே நாற்காலி போட்டு அவருக்குச் சவரம் செய்தார். பங்களாவிலிருந்து வரும் டிபன் கேரியரை வாட்ச்மேன் வளைவு வழியாக நீட்டுவான், சாப்பாடு மட்டும் தடையில்லாமல் வந்தது. முத்து வியாபாரிகள் தெருவில் கருவாடு காயப்போடுகிற பெண்கள், சும்மாதானே நிற்கிறீர்கள், காக்கா வராமல் பார்த்துக்கொள்ளுங்கள் என்று சொல்லிவிட்டுச் சமைக்கப் போனார்கள், தன் எதிரே நிமிர்ந்து பேசாத பெண்கள் சொன்னதைக் கேட்டு, பெர்க்மான்ஸ் சம்மாட்டி ஒரு பனமட்டையை வைத்துக்கொண்டு காக்கா விரட்டினார். சம்மாட்டி கொத்தளம் ஏறியாச்சா, விளக்கு ஏற்றலாம் என்று வீடுகளில் நேரம் பார்த்தார்கள். வெளியூர்க்காரர்கள் அவருக்காகவே வந்தார்கள், வெயில் கடிகாரத்துக்கும் கல்லுக்கும் நடுவில் அவரை நிறுத்திப் படம் எடுத்தார்கள், ஒரு வெள்ளைக்காரப் பெண்மணி இவருக்குச் சம்பளம் அரசாங்கம் கொடுக்கிறதா என்று அக்கறையாக விசாரித்தாள். ஓட்டல் நிரம்பி வழிந்தது. சுற்றுலாத் துறை கார்மேலிக்கு ஒரு கேடயம் கொடுத்தது.

பழிவாங்கினால் மனசு கசக்கும் என்று சொல்கிறவர்கள் பழிவாங்கிப் பார்த்ததில்லை. கார்மேலிக்கு இனித்தது. கஸ்பார் போன நாளிலிருந்து வராத தூக்கம் வந்தது, பசி வந்தது, கண்ணாடி பார்க்கிற பழக்கம் வந்தது. காலையில் தண்ணீர் எடுக்கப் போகும்போது அவர் பனமட்டையோடு நிற்பதைப் பார்த்தால் அன்றைக்கு முழுக்க வாய்க்குள் ஒரு பாட்டு ஓடிக்கொண்டே இருக்கும். அவள் அதை மறைக்கவும் இல்லை.

முதலில் பங்குச்சாமியார் வந்தார். பிறர் குற்றம் பொறுப்பது பற்றி நீளமாகச் சொன்னார், அவள் முக்காடு போட்டுக்கொண்டு மரியாதையாகக் கேட்டாள், கடைசியில், "மன்னிக்க நான் ரெடி சாமி. அவிய மொதல்ல கேக்கணும்லா?" என்றாள். பிறகு கமிட்டிக்காரர்கள் வந்தார்கள். கஸ்பார் பெயரைக் கல்லில் வெட்டிவிடுகிறோம், பழசையெல்லாம் கிளற வேண்டாம், யாரும் எதுவும் சொல்ல வேண்டாம், கல்தச்சன் வருவான், வெட்டுவான், போவான் என்றார்கள். பெயரை வெட்டினால் திருடன் பெயரைக் கருணைக்கு வெட்டியதாகத்தானே ஊர் சொல்லும் என்று அவள் கேட்டாள். தான் அனுப்பித்தான் கஸ்பார் போனான் என்று சம்மாட்டி ஊர் முன்னால் வாய் திறந்து சொல்ல வேண்டும், வாசலில் என்ன சொல்லி அனுப்பினார் என்பதையும் சொல்ல வேண்டும், பிறகுதான் உளி கல்லைத் தொடலாம் என்றாள். பெர்க்மான்ஸிடம் போய்ச் சொன்னார்கள். ஒரு கூலிக்காரன் பெஞ்சாதிக்குப் பயந்து பொய் ஒப்புக்கொள்கிற ஆள் நான் இல்லை, அவள் எத்தனை நாளைக்கு இழுக்கிறாள் பார்க்கலாம் என்றார் அவர். அப்போது அவருக்கு இன்னும் தெம்பு இருந்தது.

கடைசியாக ஆலிஸ் வந்தாள். உச்சி வெயிலில் தனியாக வந்தவளைக் கார்மேலி 'வாங்கக்கா' என்று அழைத்து, மின்விசிறிக்குக் கீழே உட்கார வைத்து, கருப்பட்டிக் காப்பி போட்டுக் கொடுத்தாள். ஆலிஸ் அதைக் குடிக்காமல் கையில் வைத்துக்கொண்டே இருந்தாள்.

"ராத்திரி கட்டிலுல கை நீட்டுனா ஆள் இல்ல. ஒனக்குத் தெரியாததா கார்மேலி? நீ இருக்க மாதிரியே நானும் இருக்கணும்னு நெனைக்கியா?"

"ஆமாக்கா," என்றாள் கார்மேலி. "அப்படித்தான் நெனைக்கேன்."

ஆலிஸ் அழுதாள், கார்மேலியும் அழுதாள், ஆனால் சொன்னதை மாற்றிச் சொல்லவில்லை. வாசல் வரைக்கும் கூடவே வந்து அவளுக்கு முறையாக 'போயிட்டு வாங்கக்கா' சொல்லி அனுப்பி வைத்தாள். ஆலிஸின் மேல் அவளுக்கு ஒரு குறையும் இல்லை.

கிறிஸ்துமஸ் கழிந்து பெர்க்மான்ஸின் ஒரே மகள் பெனடிக்டாவுக்குக் கல்யாணம் வந்தது, மாப்பிள்ளை மங்களூர்க்காரன். கோயிலுக்குள் கிராதி வரைக்கும் அவரால் போக முடியும் என்பதால் மகளைக் கைப்பிடித்துக் கூட்டிக்கொண்டு போய்க் கிராதிக்கு இந்தப் பக்கம் நின்று ஒப்படைத்தார், கோட்டு பளபளத்தது, ஊரே வந்திருந்தது, அந்த ஒரு மணி நேரம் அவர் பழைய சம்மாட்டியாகவே இருந்தார். விருந்து மதிலுக்கு வெளியே மண்டபத்தில். எல்லோரும் அங்கே போனார்கள், வாத்தியச் சத்தம் மதிலைத் தாண்டி வந்தது, இலைச் சாப்பாட்டில் அவர் பங்கு டிபன் கேரியரில் வந்தது. சாயங்காலம் ஊரை விட்டுக் கிளம்புவதற்கு முன் மகள் கடல்வாசலுக்கு வந்து அவர் காலடியில் முழங்கால் போட்டாள்.

"போயிட்டு வாரேன்ப்பா."

"போயிட்டு வாம்மா," என்றார் பெர்க்மான்ஸ்.

அவள் எழுந்து, சேலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, வளைவைத் தாண்டி மணலில் நடந்து போய்க் காரில் ஏறினாள். அவ்வளவு சுலபமாகப் போனாள். அவர் தன்னையறியாமல் அவள் பின்னாலேயே வளைவுக்குள் ஓடினார், ஓடினவர் மாதா கோயில் வாசலில், கல்யாணத்துக்குத் தூவிய பூவைப் பெருக்கிக்கொண்டிருந்தவர்களுக்கு நடுவில் வந்து நின்றார். அவர்கள் துடைப்பத்தை நிறுத்திக் கொஞ்சம் ஒதுங்கி நின்றார்கள். அவர் அங்கேயே படியில் உட்கார்ந்து, வாய் விட்டு, எல்லோர் முன்னாலும் அழுதார்.

மறுநாள் சாயங்கால நடையில், கார்மேலி கல்லின் முன்னால் நின்று பெயர்களை வாசித்து இக்னாசிக்கு முன்னால் நிறுத்தியபோது, அந்த நிறுத்தத்துக்குள் ஒரு குரல் கேட்டது. "கஸ்பார்," என்றார் பெர்க்மான்ஸ். பயணிகள் திரும்பிப் பார்த்தார்கள். நான் சொல்கிறேன், எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறேன் என்றார். கார்மேலி புத்தகம் வாசிக்கிற குரலில், அதை இங்கே சொல்லக் கூடாது, எங்கே வைத்து அனுப்பினாரோ அங்கே வைத்துச் சொல்லட்டும் என்று சொல்லிவிட்டு முன்னால் நடந்தாள். செய்தி அவர்களை முந்திக்கொண்டு ஓடியது, கருவாட்டுப் பெண்கள் வந்தார்கள், பாக்கியநாதன் பாலை அடுப்பிலேயே விட்டுவிட்டு வந்தார், பங்குச்சாமியார் வந்தார், கமிட்டி வந்தது, இன்ஸ்பெக்டர் தொப்பியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வந்தார். ஆலிஸ் வளைவுக்கு வெளியே மணலில், கதவைத் திறந்து வைத்த காருக்குப் பக்கத்தில் வந்து நின்றாள்.

பெர்க்மான்ஸ் சொன்னார். கூண்டு ஏற்றியிருந்தது தெரியும் என்றார். விசைப்படகு புதுசு என்பதால் மனசு கேட்கவில்லை என்றார். கஸ்பார் குடிக்கவில்லை, வள்ளத்தைத் திருடவில்லை, நான்தான் போகச் சொன்னேன், போலீசில் எழுதிக் கொடுத்தது பொய் என்றார். எல்லாம் சொல்லி முடித்துவிட்டதைப் போல அவர் தலையைக் குனிந்துகொண்டார்.

"இந்த எடத்துல நின்னு திரும்பிப் பாத்தாரு," என்றாள் கார்மேலி. "ஒங்க வாயப் பாத்துக்கிட்டு நின்னாரு. என்ன சொன்னீங்க?"

"ஏதோ கோவத்துல…"

"என்ன சொன்னீங்க சம்மாட்டி?"

அவர் கல்லைப் பார்த்தார், கடலைப் பார்த்தார், பார்க்க வேறு இடம் இல்லாமல் அவளைப் பார்த்தார்.

"போய்த் தொலைன்னு சொன்னேன்."

கருவாட்டுப் பெண்களில் ஒருத்தி சிலுவை போட்டுக்கொண்டாள். கடலுக்குப் போகிறவனிடம் குருசுத்துறையில் எவனும் சொல்லாத சொல் அது, குடிகாரன்கூட வாசலில் நின்று சொல்ல மாட்டான். கார்மேலி முகத்தில் ஒரு பெரிய நிம்மதி வந்து உட்கார்ந்ததை எல்லோரும் பார்த்தார்கள், எல்லாம் நல்லபடியாக முடிந்தது என்று பங்குச்சாமியார் கையைக் கோத்துக்கொண்டார். அவள் பயணிகள் பக்கம் திரும்பினாள். ஒவ்வொருவரையும் முகம் பார்த்து, அவசரப்படாமல், 'போயிட்டு வாங்க' சொன்னாள், ஒவ்வொருவராக வளைவைத் தாண்டி மணலுக்குப் போனார்கள். கடைசியில் பெர்க்மான்ஸ் மட்டும் நின்றார். அவர் அதுவரைக்கும் யாரைப் பார்த்தும் கூப்பாத கையைக் கூப்பினார்.

"போயிட்டு வாரேன்ம்மா."

"கஸ்பாருக்கு என்ன சொன்னீங்களோ," என்றாள் கார்மேலி, "அதையே ஒங்களுக்கும் சொல்லிட்டேன்னு வச்சுக்கிடுங்க."

பங்குச்சாமியார் 'கார்மேலி' என்று ஒரு எட்டு முன்னால் வைத்தார். ஆனால் விடை கொடுத்தாயிற்று, 'வாங்க' சொன்ன வாய் விடை கொடுத்துவிட்டால் விருந்தாளி புறப்பட வேண்டியதுதான், பெர்க்மான்ஸின் கால் நகர ஆரம்பித்துவிட்டது. வளைவுக்குக் கீழே வந்ததும் அவர் கஸ்பார் திரும்பிப் பார்த்ததைப் போலவே திரும்பி, ஏதாவது சொல்ல மாட்டாளா என்று அவள் வாயைப் பார்த்தார். அவள் சொல்லவில்லை. அவர் வளைவுக்குள் போனார்.

கூட்டம் மாதா கோயில் வாசலுக்கு ஓடியது, அங்கே அவர் வந்து நிற்கவில்லை. வெளியே ஆலிஸ் திறந்த கார்க் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள், அங்கேயும் அவர் வரவில்லை. விளக்கு வைக்கிற நேரம் தாண்டும் வரைக்கும் ஊர் பாதி இங்கேயும் பாதி அங்கேயுமாக நின்று பார்த்தது. பிறகு பாக்கியநாதன், பால் தீய்ந்து போயிருக்கும் என்று சொல்லிவிட்டுக் கிளம்பினார், மற்றவர்களும் கிளம்பினார்கள். இன்ஸ்பெக்டர் இதை எந்தப் பிரிவில் எழுதுவது என்று மூத்த அதிகாரியைக் கேட்டார், அவர் எழுதவே வேண்டாம் என்றார். அடுத்த வெள்ளிக்கிழமை நாவிதர் பழக்கத்தில் வெயில் கடிகாரத்துக்குக் கீழே நாற்காலியைப் போட்டுவிட்டு, நினைவு வந்து எடுத்துக்கொண்டு போனார். கருவாட்டில் கொஞ்ச நாளைக்குக் காக்கைத் தொல்லை அதிகமாக இருந்தது.

கல்தச்சன் வந்து இக்னாசிக்கு மேலே, கார்மேலி அத்தனை நாளும் நிறுத்திய இடத்தில், வரிகளுக்கு நடுவில் இடுக்கிக் கஸ்பார் பெயரை வெட்டினான். கமிட்டி மாலை வாங்கி வந்தது. ஆலிஸ் கறுப்புச் சேலையில் வந்து, பெர்க்மான்ஸ் பெயரையும் வெட்டச் சொல்லிக் கேட்டாள். கமிட்டியில், அவர் கடலுக்குப் போனாரா இல்லையா என்பதே யாருக்கும் தெரியாது, விடை வாங்கிப் போனார் என்று சொல்வதா வாங்காமல் போனார் என்று சொல்வதா என்று ஆளுக்கொன்று பேசினார்கள், பேசிப் பேசிக் கடைசியில் எல்லோரும் கார்மேலியைப் பார்த்தார்கள். கல்தச்சன் உளியைக் கையில் வைத்துக்கொண்டு, இக்னாசிக்குக் கீழே ஏதாவது வெட்ட வேண்டுமா, அல்லது அடுத்து வருகிறவருக்கு வைத்துக்கொள்ளலாமா என்று கேட்டான்.

"அந்த எடத்த விட்டுருங்க," என்றாள் கார்மேலி. "யாருக்கும் வெட்ட வேண்டாம். சும்மா கெடக்கட்டும்."

அன்றைய சாயங்காலமும் நடை இருந்தது. அவள் கஞ்சி போட்ட சேலையில் வந்து கற்கண்டு கொடுத்து 'வாங்க' சொன்னாள், கிராதி வரைக்கும், கயிறு வரைக்கும், கொத்தளம் வரைக்கும் கூட்டிப் போனாள், கல்லின் முன்னால் நின்று மனுவேலில் தொடங்கிப் பெயர்களை வாசித்தாள், கஸ்பார் என்று முதல் தடவையாக வாய் நிறைய வாசித்தாள், இக்னாசி என்று வாசித்தாள். பிறகு ஒரு பெயரின் நீளத்துக்கு நிறுத்தினாள். அந்தக் காலி இடம் யாருக்கு என்று திருச்சியிலிருந்து வந்த ஒரு பெரியவர் கேட்டார். கூட்டத்துக்குப் பின்னால், பெர்க்மான்ஸ் போனதிலிருந்து தினமும் வந்து நிற்கிற ஆலிஸ், கார்மேலி என்ன சொல்லப்போகிறாள் என்று வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இந்தப் பக்கம் படி இருக்கு," என்றாள் கார்மேலி, "பாத்து வாங்க."